தட்டிவிட்ட கற்கள்

தன் யூதக் குடும்பத்தின் கதையை ஆவணப்படமாக எடுத்துக்கொண்டிருந்த பெண்ணுக்கு நான்தான் கேமராமேன். அன்று கிழக்கு லண்டனில் அவருடைய அம்மாவின் கல்லறையைப் படமெடுக்க வேண்டும். அவர் வருவதற்குள் எல்லாம் தயாராக இருக்கட்டும் என்று நினைத்தேன். கல்லறைமேல் ஏழெட்டுச் சிறு கற்கள் கிடந்தன. பிரேமுக்குள் குப்பை கிடந்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவற்றைக் கையால் வழித்துச் சரளைக்கல் பாதையில் தள்ளினேன். ஈரத்துணியால் துடைத்துச் செவ்வந்திப் பூவும் வைத்தேன்.

அவர் வந்து, "கற்கள் எங்கே?" என்று மட்டும் கேட்டார்.

யூதர்கள் கல்லறையில் பூ வைப்பதில்லையாம். வந்துபோனதற்கு அடையாளமாகக் கல்தான் வைப்பார்களாம். நான் தள்ளிவிட்டவற்றில் ஒன்று அவருடைய அண்ணன் வைத்தது. அந்த அண்ணன் இறந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை.

"சாம்பல் நிறம், சின்னது," என்றார். பாதை முழுக்கச் சாம்பல் நிறச் சின்னக் கற்கள்தான்.

மண்டியிட்டுத் தேடினேன். ஒலிப்பதிவு செய்கிற யாழ்ப்பாணத்துக்காரரும் குனிந்து பார்த்தார். "எல்லாம் ஒரே மாதிரிக் கிடக்கு அண்ணை. கண்டுபிடிக்க ஏலாது."

கடைசியில் ஒரு கல்லை எடுத்து, "இதுவா?" என்று நீட்டினேன். அந்தப் பெண் அதை வாங்கிக் கல்லறைமேல் வைத்தார்.

"இது நீங்கள் வந்ததற்கு," என்றார்.