பதினைந்தேகால் இஞ்சு

என் மச்சான் கொழும்பை விட்டு வந்துவிடுவது என்று முடிவு செய்த வருஷம், நான் பி.ஏ. முடித்துவிட்டுத் தேங்காய்ப்பட்டணத்தில் சும்மா இருந்தேன். திருவனந்தபுரத்து அலுவலகங்களுக்கு மனு எழுதிப் போடுவது, பதில் வராததற்காக வீட்டாரிடம் எரிந்து விழுவது, இவை இரண்டும்தான் என் வேலை. முப்பதுகளின் நடுப்பகுதி அது.

என் அக்காளை லாத்தா என்று கூப்பிடுவேன். அவளுக்கு நிக்காஹ் ஆகி ஏழு வருஷம் ஆகியிருந்தது. மச்சான் கொழும்பில் ஒரு துணிக்கடையில் இருந்தார். இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை வருவார்; நாற்பது நாள் இருப்பார்; அந்த நாற்பது நாளும் லாத்தா பாட்டுப் பாடிக்கொண்டே மீன் கழுவுவாள். அவர் போன மறுநாள் பாட்டு நின்றுவிடும். ஏழு வருஷத்தில் இருவரும் ஒரே கூரையின்கீழ் இருந்த நாள்களைக் கூட்டினால் ஆறு மாதம்கூடத் தேறாது.

ஊரிலேயே பிழைக்க மச்சான் ஒரு வழி கண்டுபிடித்தார். குளச்சலில் கப்பலுக்குச் சரக்கு ஏற்றிக்கொண்டிருந்த ஒரு பழைய படகை முந்தின விடுமுறையில் வாங்கிப் போட்டிருந்தார். அதன் பின்புறம் எங்கள் வள்ளங்களைப்போலக் கூம்பாக இல்லாமல், செங்குத்தான ஒரு பலகையோடு தட்டையாக முடியும். அந்தப் பின்பலகையில் கொழும்பிலிருந்து ஒரு மோட்டாரைக் கொண்டுவந்து மாட்டுவது. ஆற்றின் அக்கரைக்கும், மேலே சந்தைக் கடவுத்துறைக்கும் ஆளும் தேங்காயும் ஏற்றுவது. கழுக்கோல் ஊன்றி அரை நாள் போகிற தூரத்தை ஒரு மணி நேரத்தில் போவது. மோட்டார் ஓடினால் அவர் வீட்டில் இருப்பார். ஓடாவிட்டால் மறுபடியும் துணிக்கடைதான். எங்கள் வீட்டில் எல்லோருக்கும் இது தெரியும்.

படகைப் பழுதுபார்க்கும் பொறுப்பு ஆற்றங்கரை ஆசாரியிடம் இருந்தது. மெலிந்த உடம்பு, வெற்றிலைக் காவி படிந்த பல், வாய் ஓயாத கேலி. எனக்கு அவரைப் பிடிக்கும். உளுத்துப்போன பின்பலகையைக் கழற்றி அதே அளவில் புதிய பலகை போட்டிருந்தார். படகு அவருடைய ஓலைக்கொட்டிலில்தான் கிடந்தது. எங்கள் வீட்டிலிருந்து கூப்பிட்டால் கேட்கிற தூரம்.

அப்போதுதான் மச்சானின் கடிதம் வந்தது. மோட்டாரின் படப்புத்தகம் ஒன்றை முன்பே அனுப்பியிருந்தார். மோட்டாரின் தண்டில் குட்டை, நெட்டை என்று இரண்டு வகை. பின்பலகையின் மேல்விளிம்பில் மோட்டாரைக் கவ்வவைத்து முறுக்கினால், தண்டு கீழே இறங்கி, அதன் நுனியில் உள்ள விசிறி படகின் அடிமட்டத்துக்குக் கீழே நிற்க வேண்டும். தண்டு குட்டையாகிவிட்டால் விசிறி பலகைக்குப் பின்னால் மறைந்துகொண்டு வெறும் நுரையைக் கடையும். நீளம் மிஞ்சிவிட்டால் மணல்திட்டில் இடிக்கும். ஆகவே, "பின்பலகையின் மேல்விளிம்பிலிருந்து படகின் அடிவரை நேர்குத்தாக அளந்து, எத்தனை இஞ்சு என்று மறுதபாலில் எழுது" என்று கேட்டிருந்தார்.

அன்று இடவப்பாதி மழை, தென்மேற்குப் பருவத்தின் தொடக்கம். லாத்தா குடையையும், குப்பாயம் தைக்க வைத்திருந்த அளவுநாடாவையும் கொண்டுவந்து என் முன்னால் வைத்தாள்.

"தம்பி, ஒரு எட்டு போய் அளந்துட்டு வந்திரு மக்கா."

"மழை விடட்டும், லாத்தா."

"நீ என்ன உப்பா, கரைஞ்சு போவதுக்கு?"

குடையை விரித்து வெளியே போனேன். கொட்டிலுக்குப் போகவில்லை. சாயாக்கடைக்குப் போனேன். அங்கே பத்திரிகை வந்திருந்தது, நண்பர்களும் இருந்தார்கள். படப்புத்தகத்தில் 'சாதாரணச் சிறு படகுகளுக்குப் பதினைந்து இஞ்சு' என்று ஆங்கிலத்தில் அச்சடித்திருந்ததைப் படித்திருந்தேன். எங்களுடையது சிறு படகு. அச்சில் உள்ளது தப்பாகுமா? அங்கேயே ஒரு கார்டில் எழுதினேன். வெறும் பதினைந்து என்றால் அளக்காமல் எழுதியதுபோலத் தோன்றும் என்று பட்டது. 'பதினைந்தேகால் இஞ்சு' என்று எழுதினேன். அந்தக் கால் இஞ்சை எழுதும்போது எனக்கு ஒரு சின்னச் சிரிப்புகூட வந்தது.

வீட்டுக்கு வந்ததும் நாடாவைக் கொஞ்சம் நனைத்து லாத்தாவிடம் கொடுத்தேன். இதையும் எழுதத்தான் வேண்டும்.

இரண்டு மாதம் கழித்து மச்சான் வந்து சேர்ந்தார். மோட்டாரை வைக்கோல் சுற்றிப் பெட்டியில் அடைத்து, தூத்துக்குடியிலிருந்து பஸ்ஸில் மடியை விட்டு இறக்காமல் கொண்டுவந்தாராம். என்னைக் கண்டதும் கட்டிப்பிடித்தார்.

"கடைக்காரன் அசந்துட்டான் கேட்டியா! ஊர்க்காரன் எவனும் இப்பிடி அளவு எழுதமாட்டான்னான். என் மச்சினன் பி.ஏ.ன்னு சொன்னேன்."

மறுநாள் காலையில் படகை நீரில் இறக்கினோம். துறை முழுக்க ஆட்கள். மச்சான் மோட்டாரை மாட்டினார்; கயிற்றைச் சுற்றி இழுத்தார். மூன்றாவது இழுப்பில் அது உறுமியது. எல்லோரும் கூவினார்கள். ஆனால் படகு நகரவில்லை. பின்பலகைக்கு அடியில் வெள்ளை நுரை பொங்கிக்கொண்டே இருந்தது.

"காக்கா கொளும்பில இருந்து சோடா மிசினுல்லா கொண்டாந்திருக்காரு!" என்று கரையிலிருந்து ஒருவன் கத்தினான். மச்சானை ஊரில் காக்கா, அதாவது அண்ணன், என்றுதான் கூப்பிடுவார்கள்.

"மீனுக்கெல்லாம் சீரணம் ஆவட்டும்லே!"

ஆறு தடித்த ஆட்களைப் பின்பக்கம் உட்காரவைத்துப் பார்த்தார். கொஞ்சம் நகர்ந்தது. "இனி பின்னால இருக்கதுக்குன்னு ஆள வளக்கணும்" என்று மறுபடியும் சிரிப்பு. சற்று நேரத்தில் மோட்டார் சூடேறிப் புகைந்து நின்றது. மச்சான் குனிந்து பார்த்தார். விசிறி, இருக்க வேண்டிய இடத்துக்கு ஒரு சாணுக்கும் சற்றுக் குறைவாக மேலே நின்றது. இடுப்பளவு நீரில் நின்று நாடாவைப் பிடித்தார். பின்பலகையின் உயரம் இருபத்தொரு இஞ்சு.

அவர் என்னைப் பார்த்தார். கோபம் இல்லை, வெறும் கேள்விதான். அந்த நேரத்தில் உண்மையைச் சொல்லியிருந்தால் எல்லோரும் என்னைப் பார்த்துச் சிரித்திருப்பார்கள். அவ்வளவுதான் நடந்திருக்கும்.

"நான் அளக்கும்போ பதினஞ்சேகால்தான் இருந்துது" என்றேன். "அதுக்குப் பொறவு ஆசாரி ஏதாவது ஒசத்தினாரோ என்னவோ."

ஆசாரி கரையில் நின்றார். "நானா? பழைய பலக எவ்வளவோ அவ்வளவுதான் போட்டேன் பிள்ளே."

மச்சான் நியாயமான மனிதர். ஆனால் அவர் கையில் சான்று இருந்தது. "ஆசாரி, அவன் கால் இஞ்சு விடாம எழுதியிருக்கானே. அளக்காதவன் கால் இஞ்சு எழுதுவானா?"

பழைய பலகையை ஆசாரி எப்போதோ அடுப்புக்கு வெட்டியிருந்தார். காட்டுவதற்கு ஒன்றுமில்லை. அவர் என் முகத்தையும் பலகையையும் மாறி மாறிப் பார்த்தார். படித்த பையன் பொய் சொல்லுவான் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

"பழைய பலகயோட அளவு எனக்குச் சரியா ஓர்ம இல்ல" என்றார். "என் கையில பிழ வந்திருக்கும்."

ஒருமுறை ஓட்டிய மோட்டாரைக் கடை திருப்பி எடுக்காது. அன்று மத்தியானம் லாத்தா சோறு போட்டாள். மச்சான் கொழும்பு முதலாளிக்குக் கடிதம் எழுதக் காகிதம் கேட்டார். லாத்தா காகிதம் தீர்ந்துவிட்டது என்றாள். என் மேசையில் ஒரு கட்டுக் காகிதம் இருந்தது.

சாயங்காலம் ஆசாரி உளிப்பையோடு வந்தார்.

"பிள்ளே, நான் கெடுத்தத நானே நேராக்குதேன். பலகையில ஆறு இஞ்சு வெட்டிக் கொடுக்கலாம். மோட்டார் எறங்கி இருந்துக்கிடும்."

"வெட்டினா பொழியில அல பின்னால ஏறி உள்ள வந்திராதா?" என்று மச்சான் கேட்டார். ஆறு கடலில் விழுகிற இடத்தைத்தான் பொழி என்போம். அக்கரைத் துறை அதை ஒட்டியே இருந்தது. படகு ஆற்றின் மேலே திரும்பும்போது கடலலை முதுகில்தான் அடிக்கும்.

"வரும். வந்த தண்ணி வந்த வழியே போகட்டும். அதுக்கு ஒரு சூத்திரம் இருக்கு."

நான்கு நாள் வேலை பார்த்தார். பின்பலகையின் நடுவில் மோட்டாருக்கு மட்டும் இடம் வெட்டினார். அதற்கு முன்னால், படகின் உள்ளே, குறுக்காக இன்னொரு பலகையைப் பழைய உயரத்துக்கே நிறுத்தினார். இரண்டுக்கும் நடுவில் ஒரு தொட்டி உண்டாயிற்று. தொட்டியிலிருந்து வெளியே இரண்டு துளைகள். அலை ஏறினால் தொட்டியில் விழும். துளை வழியாக ஆற்றுக்கே போய்விடும். எந்தப் படப்புத்தகத்திலும் நான் பார்க்காத ஏற்பாடு. "என் பிழைக்கு நீங்க கூலி தரணுமா?" என்று சொல்லி, கூலி வாங்க மறுத்துவிட்டார்.

ஐந்தாம் நாள் படகு ஓடியது. பொழியில் அலை ஏறியது, தொட்டியில் விழுந்தது, துளைகளில் கொட்டிப் போனது. "சோடா தீந்து போச்சா காக்கா?" என்று கத்தினவனையே மச்சான் முதல் ஆளாக ஏற்றிக்கொண்டார். ஒரு வெள்ளிக்கிழமை லாத்தாவையும் ஏற்றி மேலே கூட்டிப் போனார். துப்பட்டியால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்தவள், பாதி வழியில் மறந்துபோய்ப் பாட ஆரம்பித்துவிட்டாளாம். மோட்டார் சத்தத்தில் யாருக்கும் கேட்காது என்று நினைத்திருக்கிறாள். எல்லோருக்கும் கேட்டது. மச்சான் அதன்பிறகு கொழும்புக்குப் போகவில்லை.

எல்லாம் நல்லபடியாக முடிந்ததே, இனி எதற்குச் சொல்ல வேண்டும் என்று நான் இருந்தேன். பிறகு வேலை கிடைத்துத் திருவனந்தபுரம் போனேன்.

விடுமுறையில் ஒருமுறை வந்தபோது, எங்கள் வீட்டுக்குக் கதவு செய்ய ஆசாரி வந்திருந்தார். நிலையை ஒருமுறை அளந்தார். மறுபடியும் அளந்தார். மூன்றாவது முறையும் அளந்துவிட்டு முழக்கோலை என்னிடம் நீட்டினார்.

"பிள்ள ஒருக்கா பாத்துச் சொல்லணும். அந்தப் படகுக்குப் பொறவு எனக்கு என் கண்ணுல நம்பிக்க இல்ல."

நான் பார்த்தேன். மயிரிழை பிசகவில்லை. "சரியா இருக்கு ஆசாரி" என்று மட்டும் சொன்னேன். அவர் நன்றியோடு தலையாட்டினார். அந்தத் தலையாட்டலைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. ஆனாலும் அன்று சொல்லவில்லை. இன்னும் ஒரு வருஷம் கடத்தினேன். அந்தப் படகு விஷயம் நடந்து மூன்று வருஷம் ஆன பிறகுதான், மச்சானைத் துறையில் தனியாகப் பிடித்துச் சொன்னேன்.

அவர் கையிலிருந்த கயிற்றைக் கீழே போட்டார். "பதினஞ்சுன்னு எழுதியிருக்கலாமே. அந்தக் கால் எதுக்குலே?"

"அளந்தது மாதிரி இருக்கட்டும்னு."

இருமல் வரும்வரை சிரித்தார். பிறகு சட்டென்று நிறுத்தி, என் கையைப் பிடித்தார். "வா" என்றார். சாயாக்கடையில் இருந்த ஏழெட்டுப் பேரையும் எழுப்பி, ஆசாரியின் கொட்டிலுக்கு நடத்திக் கூட்டிப்போனார். "நாலு பேர் முன்னால கெடுத்தேல்லா, நாலு பேர் முன்னால சொல்லு."

சொன்னேன். "பி.ஏ.ன்னா இதுதானா?" என்று யாரோ கேட்டார்கள். ஆசாரி ஒரு கட்டில்காலை இழைத்துக்கொண்டிருந்தார். இழைப்புளியைக் கீழே வைத்தார்.

"அப்போ என் கை பிழைக்கல்ல" என்றார். என்னிடம் அல்ல, மச்சானிடம்.

"பிழைக்கல்ல ஆசாரி. பிழச்சது என் வீட்டு ஆளு. சரி, எனக்கு ரெண்டாவது படகு ஒண்ணு வேணும். நீங்கதான் செய்யணும்."

அந்த மூன்று வருஷமும் அவர் ஒரு படகைக்கூடத் தொடவில்லை என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. கேட்டு வந்தவர்களைக் குளச்சல் ஆசாரிகளிடம் அனுப்பிவிட்டாராம்.

"இனி வேண்டாம் பிள்ளே" என்றார். "கட்டிலு மதி, அது போதும். கட்டிலு பிழச்சா ஆளு முங்கிச் சாக மாட்டான்லா."

எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். மச்சான் அதன்பின் பலமுறை கேட்டுப் பார்த்தார். ஆசாரி கடைசிவரை இணங்கவில்லை. அன்று அவருக்கு நாற்பத்தைந்து வயதுகூட ஆகியிருக்காது.