புகைக் கொட்டகையில் ஒரு பூசை

மகளின் அறை வாசலில் போட வாங்கிய ரப்பர் கால்மிதியைப் பிரித்ததும் வந்த வாடை, எண்பதுகளில் மலேசியாவின் அசாம் ஜாவா பக்கத்து ரப்பர் தோட்டத்தில், முன்பு ரப்பர் ஷீட்டுகளைப் புகைபோட்டு உலர்த்திப் பின் கைவிட்டிருந்த தகரக் கொட்டகைக்குள் என்னை இழுத்துப் போனது. எனக்கு ஒன்பது வயது, தங்கச்சி கமலாவுக்கு ஆறு. அந்தக் கொட்டகைதான் எங்கள் நாடு. ஆணி ஓட்டைகள் வழியே மத்தியான வெயில் தூண் தூணாக இறங்கும், கரித்தூசி அதில் சுழலும், மரத்தில் ரப்பர் பால் பிடிக்கும் மங்குகளைக் கவிழ்த்துவைத்துக் குச்சியால் மெல்லத் தட்டிக்கொண்டே இருப்போம், நிறுத்தினால் வெளிச்சம் செத்துவிடும் என்று நிஜமாகவே நம்பினோம். அதுதான் எங்கள் பூசை; அது முடியும்வரை யார் கூப்பிட்டாலும் பதில் சொல்லக்கூடாது.

ஒருநாள் அம்மா தேடி வந்தார்.

“எங்கடி போனீங்க ரெண்டு பேரும்?”

குரல் கால்வாய்ப் பக்கம் போனது. பிறகு எங்கள் பெயர்கள் மட்டும் கேட்டன.

“அக்கா, அம்மா அழுவுறாங்க.”

“பேசாத. தட்டு.”

நாங்கள் வெளியே வந்தபோது, கால்வாயில் கழுத்தளவு தண்ணீரில் எங்களைத் துழாவிக்கொண்டிருந்த அம்மாவைத் தொழிலாளர் லயத்து ஆட்கள் கரையேற்றிக்கொண்டிருந்தார்கள்.

இப்போது மகளின் கதவுக்கடியில் நீல வெளிச்சம் அசைகிறது, உள்ளே ஏதோ தாளம். சாப்பிட வரவில்லை. நான்கு முறை கூப்பிட்டுவிட்டேன். ஐந்தாவது முறை என் குரல் அம்மாவின் குரலாக வந்தது.

“இருங்க லா மா, கேம் ஓடுது, இப்ப நிறுத்துனா செத்துடுவேன்.”

கால்மிதியை அங்கேயே விரித்து அதன்மேல் உட்கார்ந்துவிட்டேன்.