அண்ணியின் கை நடித்த படம்

எங்க அண்ணிக்கு நல்லவிதமாச் சொன்னா ரோஷம், உள்ளதைச் சொன்னா திமிர். நாத்தனார் நான் சொல்லாம வேற யார் சொல்றது? ரெண்டு பேருக்கும் ஒரே தையல் கம்பெனி, ஒரே வரிசை. அவங்க சட்டைக்குக் காலர் தைப்பாங்க, நான் பட்டன். தைச்ச காலரை ரெண்டு தட்டு தட்டித்தான் கீழே வைப்பாங்க, குழந்தையைத் தூங்க வைக்கிற மாதிரி.

எங்க வரிசையில நாற்பது பொம்பளைங்க. பாத்ரூம் போக ஒரே ஒரு டோக்கன். அது கைக்கு வந்தாத்தான் எழுந்திருக்கலாம். அதுக்குப் பயந்தே யாரும் தண்ணி குடிக்க மாட்டோம். அண்ணி ரெண்டு தடவை நீர்க்கடுப்பும் ஜுரமுமாப் படுத்துட்டாங்க.

இதை டாக்குமெண்டரி எடுக்க ஒரு பொண்ணு வீட்டுக்கு வந்தா. "முகம் மட்டும் வேணாம்மா, வேலை போயிடும்"னாங்க அண்ணி. அண்ணனுக்கு முதுகு போனதுலேர்ந்து அவங்க சம்பளத்துலதான் அடுப்பு எரியுது. வீட்டு மெஷின்ல ஒரு காலர் தைக்கச் சொல்லி, கையையும் குரலையும் மட்டும் எடுத்துட்டுப் போனா.

படத்தைப் பார்த்துட்டு தொழிலாளர் அதிகாரி அம்மா ஒருத்தங்க கம்பெனிக்கே வந்துட்டாங்க. சாப்பாட்டு ஹால்ல எல்லாரையும் உட்கார வச்சுப் போட்டுக் காட்டினாங்க. திரையில அந்தக் கை காலரை ரெண்டு தட்டு தட்டுச்சு. எங்க வரிசையே கொல்லுன்னு சிரிச்சிடுச்சு. பாவிங்க நாங்க, காட்டிக்கொடுக்கறோம்னுகூடத் தோணலை. அண்ணி முகம் செத்துப்போச்சு.

மேனேஜர் எழுந்தார். "மேடம், இங்க டோக்கனே கிடையாது. யாரோ வெளியாளை நடிக்க வச்சிருக்காங்க. தையலே தெரியாத கை, பாருங்க."

"முகமும் இல்லை, பேரும் இல்லை. நான் என்னன்னு எழுதறது?"ன்னு அதிகாரி பேனாவை மூடினாங்க. அண்ணி வாயைத் திறக்கலைன்னா வேலை இருக்கும், டோக்கனும் இருக்கும். ஐயோ, பேசிடாதீங்கன்னு நான் கையைப் பிடிச்சேன். உதறிட்டு எழுந்தாங்க.

"யாருக்குத் தையல் தெரியாது? பதினோரு வருஷமா உங்க காலரை எல்லாம் யார் தைச்சதாம்? அது என் கை! டோக்கன் சூப்பர்வைசர் டிராயர்ல இருக்கு மேடம், போய்ப் பாருங்க. இப்ப எனக்கு அவசரம், போயிட்டு வந்து மிச்சத்தைச் சொல்றேன்."

யாரையும் கேக்காம பாத்ரூமைப் பார்த்து விறுவிறுன்னு நடந்தாங்க.

அதிகாரி மேனேஜர் பக்கம் திரும்பினாங்க. "அவங்க பேரைச் சொல்லுங்க, எழுதிக்கறேன். அடுத்த மாசம் நான் வரும்போதும் அவங்க இதே மெஷின்ல இருக்கணும். முதல்ல அந்த டிராயரைத் திறங்க."

திறக்கிற வரைக்கும் யார் காத்திருந்தது? பக்கத்துல இருந்தவ எழுந்தா, அடுத்தவ எழுந்தா, நானும் எழுந்தேன். பாத்ரூம் வாசல்ல சிரிப்பும் அழுகையுமா நீள வரிசை. என் தங்கம், எங்க அண்ணி, உள்ளேர்ந்து கத்தறாங்க: "கதவைத் தட்டாதீங்கடி! இன்னிக்காவது நிதானமாப் போயிக்கறேன்!"