அரசாங்கத்து மணலுக்குப் பூமயில் கொடுத்த புகார்

"ஆறு யாருது?" என்று தாலுகா அலுவலக எழுத்தர் கேட்டார்.

"கவர்மெண்டுதுங்க," என்றாள் பூமயில்.

"மணலு?"

"அதுவும் அவுகளுதுதான்."

"பிறகு உனக்கு என்னம்மா வந்துச்சு?"

"களவு போறது உங்க மணலுய்யா. உடையவுகளுக்குத் தெரியலையேன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போக வந்தேன்."

எழுத்தர் என்னைப் பார்த்தார். மனுவை எழுதியவள் நான். சுவரில் தொங்கிய காலண்டரை நான் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

1956இல் நான் கடலாடிப் பக்கத்து ஊர் ஒன்றுக்கு ஆசிரியையாகப் போனபோது, பூமயில் அங்கே மிளகாய்க் கொல்லைகளில் கூலி வேலை செய்துவந்தாள். நாற்பது வயதிருக்கும். ஊரில் கிணறெல்லாம் உப்பு. வறண்ட ஆற்று மணலில் இடுப்பளவு தோண்டிய ஊற்றுகள்தான் குடிதண்ணீருக்கு. வீட்டுக்கொன்று உண்டு, பெண்கள் குழிக்குள் இறங்கி, சிரட்டையால் மொண்டு குடம் நிரப்புவார்கள். காண்ட்ராக்டர் குருநாதனுக்கு மணல் அள்ள அனுமதித்த இடம் மேற்கே ஒரு மைல் தள்ளி இருந்தது. அங்கே லாரிக்குப் பாதை சரியில்லை என்று அவர் ஊற்றுகள் இருந்த இடத்திலேயே அள்ளினார். மணல் போனால் அடியில் களிமண்; அதில் தண்ணீர் ஊறாது. பங்குனிக்குள் பூமயிலுடையதையும் சேர்த்து ஏழு ஊற்றுகள் போய்விட்டன.

மனு கொடுத்த பத்தாம் நாள், ரெவின்யூ இன்ஸ்பெக்டர் பார்வையிட வருவதாகத் தகவல் வந்தது. ஆடு வாய் வைக்காதபடி ஊற்றைப் பனையோலையால் மூடி, மேலே மணல் பரப்புவது அங்கே வழக்கம். அதிகாரி வருகிறாரே என்று பெண்கள் ஓர் ஊற்று விடாமல் மூடி, காலடித் தடம்கூட இல்லாமல் ஆற்றையே பெருக்கிவைத்தார்கள். முன்னால் நின்று பெருக்கியவள் பூமயில். இன்ஸ்பெக்டர் வேலிக்கருவை நிழலில் நின்று ஒரு பார்வை பார்த்துவிட்டு ஜீப்பில் ஏறிக்கொண்டார். 'ஊற்று ஏதும் தென்படவில்லை' என்று பதில் வந்தது.

அவள் பக்கத்து வீட்டு ராக்கு தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டாள். பூமயிலுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "இருந்தாலும் ஆறு பாக்க எம்புட்டு லட்சணமா இருந்துச்சு," என்றாள்.

அதன்பின் ஊரார் சேர்ந்து அவளை வாதியாக்கி, குருநாதன் மேல் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்கள். கோர்ட்டு அனுப்பிய கமிஷனரைத் தண்ணீர் மொள்ளும் காலை வேளையிலேயே வரவழைக்கும்படி வக்கீலிடம் அவள் மன்றாடியிருந்தாள். கமிஷனர் முப்பத்தொரு ஊற்றுகளை எண்ணினார், முப்பத்திரண்டாவதில் விழுந்தார். அவரது அறிக்கை மிகத் தெளிவாக இருந்ததாக வக்கீல் சொன்னார்.

ஊற்றுப் பக்கம் யாரும் மணல் அள்ளக்கூடாது, எல்லையைத் தாலுகா அதிகாரிகள் காக்க வேண்டும் என்று தடை உத்தரவு வந்தது. காக்க ஒருவரும் வரவில்லை. லாரி மட்டும் வழக்கம்போல வந்தது. உத்தரவைப் பற்றிப் பூமயில் எவ்வளவோ எடுத்துச் சொல்லியும் டிரைவர் மதார் பீடியை அணைக்கவில்லையாம்.

நான் வாய்ப்பாடு நடத்திக்கொண்டிருந்தபோது, ஆங்கிலத்தில் இருந்த உத்தரவின் நகலோடு அவள் வகுப்பு வாசலில் வந்து நின்றாள்.

"டீச்சரம்மா, செத்த ஆத்துக்கு வாங்க. தமிழ்ல சொன்னா அவனுக்கு உறைக்கல. நீங்க லாரிக்கு முன்னால நின்னு இதை இங்கிலீசுலயே படிங்க. எங்களுக்குப் புரியாட்டிப் போகுது, கொஞ்சம் சத்தமாப் படிங்க."