பதிவாளர் போட்ட கையெழுத்து

ஹாலிஎலயில் எனக்கிருந்த பதினைந்து பேர்ச் காணியை விற்க ஒப்புக்கொண்டபோது, அதை வாங்க வந்தவள் என் சின்ன வயதுத் தோழி என்பதே எனக்குப் பெருமையாக இருந்தது. பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில், ஒரே லயத்தில், அடுத்தடுத்த வீடுகளில் பிறந்தவர்கள் நாங்கள். நான் படித்து ஆசிரியையானேன். அவள் படிப்பைப் பாதியில் விட்டுக் கொழுந்து பறிக்கப் போனாள். பிறகு அந்த வேலையையும் விட்டு, ஹாலிஎலயில் ஒரு துண்டு நிலத்தை வாடகைக்கு எடுத்து, கோவா, தக்காளி நாற்றுப் போட்டு விற்று வந்தாள்.

எனக்குப் பதுளைப் பாடசாலைக்கு மாற்றம் கிடைத்திருந்தது. அங்கே ஒரு பழைய வீட்டை வாங்கித் திருத்தத்தான் காணியை விற்றேன். நொத்தாரிஸ் முன்னால் உடன்படிக்கை எழுதி, அவளிடம் முற்பணம் வாங்கினேன். ஆறு மாதத்துக்குள் அவள் மீதியைத் தந்ததும் நான் காணியை அவள் பெயருக்கு மாற்றி உறுதி எழுதிக் கொடுக்க வேண்டும்.

"டீச்சர் குடுத்த காணின்னு எல்லார்கிட்டயும் சொல்லுவேங்க," என்றாள் அன்று. சின்ன வயதில் என்னை 'வாடி போடி' என்றவள். கேட்க இனித்தது.

அந்த ஆறு மாதத்தில் நாடே தலைகீழானது. ரூபாய் விழுந்தது. சீமெந்தும் கம்பியும் எட்டாத விலைக்குப் போயின. காணி விலையும் ஏறியது. எங்கள் வீட்டு வேலை பாதியில் நின்றது. அவளுக்கோ அந்தக் காலம்தான் கைகொடுத்தது. எல்லோரும் வீட்டுத்தோட்டம் போட நாற்றுத் தேடி அவளிடம் போனார்கள்.

ஒரு நாள் சுருட்டிய தாளொன்றோடு வந்தாள். வீட்டு வரைபடம். மாடி வீடு.

"மேல நின்னா ரயில் போறது தெரியும்," என்று என் மேசையில் விரித்துக் காட்டினாள். மேலே எங்கள் கூரைக்கு இன்னும் சீலிங் போடவில்லை. அவள் நாற்று நடத்தான் காணி வாங்குகிறாள் என்று எண்ணியிருந்தேன். "நல்லாருக்கு," என்றேன். அவள் போனபின் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

விலைவாசி மாறிவிட்டது, பழைய விலைக்கு எழுத முடியாது என்று அடுத்த வாரம் தொலைபேசியில் சொன்னேன். மறுநாளே வந்தாள்.

"நீங்க சொல்றது நியாயந்தாங்க. ஏலுமான அளவு கூட்டித் தர்றேன்."

இதை நான் எதிர்பார்க்கவில்லை. கூட்டித் தர அவளால் முடிகிறது என்பது இன்னும் குத்தியது.

"எனக்கு விக்கவே விருப்பமில்ல. முற்பணத்தத் திருப்பித் தர்றேன்."

"எனக்குக் காசு வேணாங்க. காணிதான் வேணும்."

"அந்தப் புள்ளதான் கூடத் தர்றேங்குதே," என்றார் என் கணவர்.

அவள் பதுளை மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டாள். நிலைமை அடியோடு மாறியபின் பழைய விலைக்கு விற்கச் சொல்வது அநீதி என்று என் சட்டத்தரணி வாதாடினார். சாட்சிக் கூண்டில் ஏறி எங்கள் கஷ்டத்தைச் சொன்னேன். சொல்லும்போதும் அவள் கட்டியிருந்த புதுச் சேலையின் கரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவளுடைய சட்டத்தரணி அதிகம் கேட்கவில்லை.

"விலையைக் கூட்டித் தருவதாக அவர் சொன்னாரா?"

"சொன்னார்."

"பிறகு ஏன் மறுத்தீர்கள்?"

என் கண் மறுபடி அந்தச் சேலைக் கரைக்கே போனது.

விலை ஏறியதற்காக உடன்படிக்கையைக் கைவிட முடியாது, விலை இறங்கியிருந்தால் அந்த நட்டத்தை வாங்குபவர்தானே தாங்கியிருப்பார் என்று நீதிபதி தீர்ப்பளித்தார். எழுதிய விலைக்கே நான் உறுதி எழுத வேண்டும். தவறினால் எனக்குப் பதிலாக நீதிமன்றப் பதிவாளர் கையெழுத்திடுவார். நான் போகவில்லை. பதிவாளர்தான் கையெழுத்திட்டார். அவள் கூட்டித் தருவதாகச் சொன்னதும் போயிற்று.

மாடி வீடு கட்டி முடிந்ததும், பால் காய்ச்ச எங்களையும் அழைத்தாள். கணவரின் வற்புறுத்தலால் போனேன். வந்தவர்கள் கலைந்ததும் என்னை மாடிக்கு அழைத்துப் போனாள்.

"ஏன் டீச்சர் அப்பிடி செஞ்சீங்க?"

"நீ மாடி வீடு கட்டுறத என்னால பாக்க முடியல."

அவள் கோபப்படவில்லை. சிரிக்கவுமில்லை.

"நீ வெள்ளச் சேல கட்டிக்கிட்டு காலேஜுக்கு பஸ் ஏறுவ. நான் கொழுந்து வேலைக்குப் பேர் குடுக்கக் காலையில பெரட்டுல நின்னு பாத்துக்கிட்டிருப்பேன். ரெண்டு வருசம் ஒன்கூட பேசல, ஞாபகமிருக்கா?"

ஞாபகமில்லை. அவள் பேசாமலிருந்ததை நான் கவனித்திருக்கவேயில்லை. அதை அவளிடம் சொல்ல மனம் வரவில்லை; தலையை ஆட்டிவைத்தேன்.

கீழேயிருந்து யாரோ கூப்பிட அவள் இறங்கிப் போனாள். நான் நின்று தரையைப் பார்த்தேன். வெள்ளை டைல், ஒரு கோணல் இல்லாமல் பதித்திருந்தார்கள். எங்கள் வீட்டுத் தரைக்கும் கூப்பிடலாமென்று, யார் பதித்தது எனக் கேட்க நினைத்தேன். கடைசிவரை கேட்கவில்லை.