ஜூலை வராத வீடு

எங்கள் வீட்டுக்கு அந்த வருடம் ஜூலை மாதம் வரவில்லை. ஜூன் கடைசி நாள் இரவு படுத்தோம். மறுநாள் காலைச் சாப்பாடு முடிவதற்குள் மேசைக்கு மேலே ஆகஸ்ட் தொங்கியது. நடுவில் இருந்த மாதத்தை அம்மா பின்பக்கமாக மடித்துவிட்டிருந்தாள். காரணம் ஒன்றுதான்: ஜூலையில் நின்ற பெண்ணின் மேல் துணி இல்லை.

அப்பா துறைமுகத்தில் ஒரு கப்பல் ஏஜென்சியில் வேலை பார்த்தார். நிலக்கரி இறக்க வந்த கப்பலின் அதிகாரி ஒருவர், கிளம்பும்போது அவருக்கு ஒரு காலண்டரைக் கொடுத்துவிட்டுப் போனார். மாதத்துக்கு ஓர் ஓவியம். எல்லாம் பழைய ஐரோப்பிய ஓவியங்கள், எல்லாவற்றிலும் பெண்கள். தாள் அவ்வளவு தடிமன், அவ்வளவு வழவழப்பு. மில்லர்புரத்தில் எங்கள் தெருவில் அப்படியொன்று யாரிடமும் கிடையாது. மளிகைக்கடை அண்ணாச்சி கொடுத்திருந்த தினசரி காலண்டரை அம்மா பக்கத்து வீட்டுக்குத் தூக்கிக் கொடுத்துவிட்டாள்.

அந்த ஓவியங்கள் எல்லாம் இன்று கைபேசியிலேயே கிடைக்கின்றன. அவற்றின் பெயர், வரைந்தவர், தொங்கும் ஊர் எல்லாம் இப்போது எனக்குத் தெரியும். அன்று எங்களுக்கு அந்தப் பெண்கள் மாதங்களாகத்தான் அறிமுகம். ஜனவரி கைமேல் கையை வைத்துக்கொண்டு, சிரிப்பதா வேண்டாமா என்று முடிவு செய்யாமல் இருந்தாள். மார்ச் ஒரு சட்டியில் பால் ஊற்றினாள். ஏப்ரல் ஜன்னலோரம் நின்று கடிதம் படித்தாள். “மார்ச்சு ஊத்துத பாலு வருசம் பூரா தீராது போலிருக்கே” என்பார் அப்பா. ஆகஸ்ட் தலையில் துணியைச் சுற்றிக் கட்டி, காதில் ஒரு முத்தோடு, யாரோ கூப்பிட்டதுபோலத் திரும்பிப் பார்த்தாள். அந்த முத்தை அப்பா நம்பவில்லை. “இம்புட்டுப் பெரிய முத்து நம்ம கடல்ல கெடச்சதா யாரும் சொல்லிக் கேட்டதில்ல. கண்ணாடியாத்தான் இருக்கும்.”

ஜூலை ஒரு பெரிய சிப்பியின் மேல் நின்றாள். நீளமான முடியை இழுத்துத் தன்னைக் கொஞ்சம் மறைத்திருந்தாள். அப்பா அவளையும் கடற்கரைக்காரராகத்தான் பார்த்தார். “இந்தச் சிப்பியில ஏறி நின்னா நம்ம கடல்ல நேரா முங்கிருவா.”

“சிப்பியப் பாத்தது போதும்” என்று அம்மா தாளை மடித்தாள். “பிள்ள இருக்க வீடு. தேதி பாக்கணும்னா நான் மனசுக்குள்ள மாத்திக்கிடுவேன்.”

அருகில் நின்றுகொண்டிருந்த அத்தை மட்டும் மெதுவாகச் சொன்னாள்: “அவளுக்காவது மறைக்க முடி இருக்கு மைனி.”

அத்தை அப்பாவின் தங்கை, எங்களோடுதான் இருந்தாள். நான் நான்காம் வகுப்புப் படித்த பள்ளிக்கூடத்திலேயே டீச்சர். முந்தின வருடம் டைபாய்டு வந்து, முடி கொத்துக்கொத்தாகக் கொட்டி, மிச்சத்தை ஒட்ட வெட்ட வேண்டியதாயிற்று. அந்த ஜூலையில் அது காது மடல் வரைதான் வளர்ந்திருந்தது. வெளியே போகும்போதெல்லாம் அம்மா அதில் சவுரியைச் சேர்த்துப் பின்னி, ஊசிமேல் ஊசியாகக் குத்தி அனுப்புவாள். முடி பழையபடி வளரும்வரை காத்திருக்க யாருக்கும் மனமில்லை. அத்தைக்கு வயது ஏறிக்கொண்டிருக்கிறது என்ற பேச்சு, சாப்பாட்டில் உப்பைப்போல தினமும் இருந்தது.

அத்தை ஓர் இடத்தில் இருக்கமாட்டாள். நின்றுகொண்டே சாப்பிடுவாள், நடந்துகொண்டே நோட்டுத் திருத்துவாள். அப்படிப்பட்டவளைக் கல்யாணப் போட்டோவுக்காக ஸ்டுடியோவில் உட்கார வைத்தார்கள். அம்மா என்னையும் கூட அனுப்பினாள். சவுரி நழுவாமல் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. ஸ்டுடியோக்கார அண்ணாச்சி பின்னலைத் தோளுக்கு முன்னால் எடுத்துப் போடச் சொன்னார். நீளம் தெரிய வேண்டுமாம்.

“நாடியைக் கொஞ்சம் இறக்குங்க டீச்சர். கண்ணை இங்கன பாக்காதீங்க, கீழ பாருங்க. அசையாதீங்க.”

அத்தை அசைந்தாள். மறுபடியும் எடுத்தார். மறுபடியும் அசைந்தாள். அடுத்தமுறை மூச்சைப் பிடித்துக்கொண்டு இருந்தாள். அந்தப் படம்தான் நன்றாக வந்தது. அதில் இருந்த பெண் எங்கள் அத்தையைப்போல இருந்தாள், அவ்வளவுதான் சொல்ல முடியும்.

வீட்டுக்கு வந்ததும் அத்தை காலண்டரின் முன்னால் நின்று தாள்களைப் புரட்டினாள். “ஏளா, இவளுகளையெல்லாம் எவ்வளவு நேரம் இப்படியே இருக்கச் சொல்லியிருப்பான்? கழுத்து வலிச்சிருக்கும்லா?”

“படம் வரையறவங்க சொன்னா இருக்கணும்லா அத்தை” என்றேன்.

“இருக்கணும். அப்புறம் அவ எந்திரிச்சுப் போனதை எவனாவது வரைஞ்சிருக்கானா பாரு.”

நான் உண்மையாகவே தேடிப் பார்த்தேன். ஒருத்தியும் எழுந்து போகவில்லை.

படம் சாத்தான்குளத்துக்குப் போயிற்று. எங்கள் சபையில் போதகரை ஐயர் என்றுதான் சொல்வோம். அவர் மனைவி ஐயரம்மா. சம்பந்தம் பேசியது அவர்தான். மாப்பிள்ளை அங்கே ஓர் உயர்நிலைப் பள்ளியில் ஆசிரியர். முடியைப் பற்றி ஐயரம்மாவிடமும் சொல்லவில்லை. “கல்யாணத்துக்குள்ள வளந்துரும்” என்றாள் அம்மா. “வளரலன்னா?” என்று அத்தை கேட்டாள். “அப்ப பாத்துக்கிடலாம்.” “யாரு மைனி பாத்துக்கிடுவா? அவரா, நானா?” அம்மா அடுக்களைக்குள் போய்விட்டாள். அத்தை முற்றத்துக்கும் வாசலுக்குமாக நடக்கத் தொடங்கினாள். அந்த நாட்களில் அவள் அப்படி நடந்த சத்தம்தான் எனக்கு அதிகம் நினைவிருக்கிறது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வெளியே வரும்போது, ஐயரம்மா அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: “பத்தொம்பதாம் தேதி சாயங்காலம் பிள்ளையப் பாக்க வாராவ.” அத்தை அம்மாவுக்குப் பக்கத்திலேயே நின்றாள். வீட்டுக்கு வந்ததும் அம்மா செருப்பைக்கூடக் கழற்றாமல் சுவரைப் பார்த்தாள். பத்தொன்பதுக்கு நேராகச் செவ்வாய் இருந்தது. மனசுக்குள் மாற்றிக்கொள்ள வேண்டிய விஷயம் அந்தப் பதற்றத்தில் அவள் மனசுக்குள் வரவே இல்லை.

“இந்தச் செவ்வா இல்ல, அடுத்த செவ்வாக்கிழமை வாராவ. லீவு போட்டுருங்க.”

“செவ்வாக்கிழமை எனக்குக் கப்பல் இருக்குளா” என்றார் அப்பா.

“கப்பலு வேற நாளும் வரும். மாப்பிள்ளை வருவானா?”

செவ்வாயிலா பெண் பார்ப்பார்கள் என்று பக்கத்து வீட்டு அக்கா கேட்டதற்கு, நமக்கு எல்லாம் ஆண்டவர் கொடுத்த நாள்தான் என்று அம்மா பெருமையாகப் பதில் சொன்னாள். அப்பாவுக்கு அலுவலகத்தில் சரியான தேதி தெரிந்திருக்கும். ஆனால் அவரிடம் சொல்லப்பட்டது கிழமை மட்டும். எனக்கும் கிழமை மட்டும்தான் சொன்னார்கள். அத்தை, “சரி மைனி, செவ்வாய்னா செவ்வாய்தான்” என்றாள்.

சனிக்கிழமை காற்று மிகவும் மோசம். ஜூலைக் காற்று எங்கள் ஊரில் ஒரு கதவையும் சும்மா விடாது. உப்பும் கரித்தூளும் நாக்குவரை வரும். மத்தியானத்துக்குப் பிறகு அத்தை சவுரியைச் சீயக்காய் போட்டு அலசி, வாசலில் கட்டியிருந்த கம்பியில் காயப்போட்டாள். தன் தலைக்கும் குளித்துவிட்டு, ஈரமுடி நெற்றியில் ஒட்டியிருக்க, அங்கேயே நின்றாள்.

“ஏன் அத்தை இங்கன போடுதீங்க? ரோட்டுல போறவங்களுக்குத் தெரியும்லா.”

“இங்கனதான் வெயிலு நல்லா அடிக்கு.”

புறவாசலிலும் வெயில் அடித்துக்கொண்டுதான் இருந்தது. அங்கே அம்மா சாளை மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். அப்பா சாரமும் பனியனுமாக சைக்கிளைத் தலைகீழாக நிறுத்திச் சங்கிலி மாட்டிக்கொண்டிருந்தார்; முழங்கை வரை கறுப்பு மசகு. அந்த நேரத்தில் வாசலில் ஒரு வாடகைக் கார் வந்து நின்றது.

முதலில் இறங்கிய அம்மாள் வெள்ளைச் சேலை கட்டி, கையில் ஒரு தூக்குவாளி வைத்திருந்தார். பின்னால் சட்டையை உள்ளே விட்டு, எண்ணெய் வைத்துச் சீவிய ஓர் ஆள். காற்று அந்த நேரம் பார்த்துச் சவுரியைத் தூக்கி அந்த அம்மாள் முகத்தில் அடித்தது. அவர் அதை விலக்கினார். பிறகு என்னவென்று பார்த்தார். பிறகு அத்தையைப் பார்த்தார்.

“தோத்திரம்” என்றாள் அத்தை. “உள்ள வாங்க.”

“இது யாருதும்மா?”

“என்னோடதுதான். படத்துல நீங்க பாத்தது.”

அப்பா மசகுக் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் கும்பிட்டார். அம்மா மீன் செதிலோடு ஓடி வந்து நின்றாள். “செவ்வாக்கிழமைன்னுல்லா நெனச்சோம்” என்று ஒரு வாசகம்தான் அவளால் சொல்ல முடிந்தது.

“பத்தொம்பதுன்னுதானே சொல்லிவிட்டோம்?”

அம்மா சுவரைக் காட்டினாள். அந்த அம்மாள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு கிட்டே போய்ப் பார்த்தார். “இது அடுத்த மாசம்லா?” என்றார். உதவி செய்கிற நல்ல மனதோடு, பின்னால் மடித்திருந்த தாளை முன்னால் இழுத்துவிட்டார்.

ஜூலை சிப்பியின் மேல் நின்றாள். “ஏசுவே” என்று சொல்லி அந்த அம்மாள் தாளை விட்டார்; அது ஆடிக்கொண்டே இருந்தது. மாப்பிள்ளை தரையைப் பார்த்தார். அப்பா இருமினார். அத்தை மட்டும் ஒரு நாற்காலியை இழுத்து, அவர்களுக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்தாள். பெண் பார்க்க வருகிறவர்களுக்கு முன்னால் பெண் அப்படி உட்காருவதை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. நாடியையும் இறக்கவில்லை.

“போன வருசம் டைபாய்டு வந்து முடி போயிட்டு” என்றாள் மாப்பிள்ளையிடம். “இப்ப இவ்வளவுதான் இருக்கு. நீங்க படத்துல என்ன பாத்து வந்தீங்க?”

அவர் பொய் சொல்லத் தெரியாத ஆள். “முடிதான் மொதல்ல தெரிஞ்சுது” என்றார்.

“அப்புறம்?”

அவர் யோசித்தார். நிஜமாகவே யோசித்தார், பாவம். அவருடைய அம்மா குறுக்கிட்டு, “நாங்க கலந்துக்கிட்டுச் சொல்லுதோம்” என்று எழுந்தார். அத்தை ஒரு நிமிடம் அவரையே பார்த்தாள். பிறகு, “சரி” என்றாள். காப்பி குடிக்காமல் போனார்கள். தூக்குவாளியில் கொண்டுவந்த முந்திரிக்கொத்துப் பலகாரம் காரிலேயே திரும்பிப் போயிற்று.

பதில் ஐயரம்மா மூலம் வந்தது. முடி பெரிய குறையில்லை. ஆனால் இல்லாததை இருப்பதாகக் காட்டியதும், நாள்கூடத் தெரியாத வீடாக இருப்பதும், சுவரில் அப்படியொரு படமும் அவர்களுக்கு ஒத்துவரவில்லை. அம்மா தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். “என் கையாலல்லா மடிச்சேன். ஒன் வாழ்க்கையைக் கெடுத்துட்டேனே பிள்ள.” அப்பா காலண்டரைக் கழற்றிப் பீரோ மேலே எறிந்தார். அன்று இரவு அத்தை நாற்காலியில் உட்கார்ந்து, நிதானமாக, மீன் முள்ளைக்கூட ஓரமாக ஒதுக்கி வைத்துச் சாப்பிட்டாள். துக்கத்தால்தான் நடக்க முடியாமல் உட்கார்ந்திருக்கிறாள் என்று நினைத்து, நான் என் பங்குப் பொரித்த மீனையும் அவள் தட்டில் வைத்தேன்.

பின்னால் அத்தை நாசரேத்தில் ஒரு பள்ளியில் வேலை கிடைத்துப் போனாள். அங்கே ஒருவரைத் தானே பார்த்து, தானே பேசி, முடித்துக்கொண்டாள். அம்மாவுக்கு அந்தப் பழைய சனிக்கிழமை மட்டும் ஆறவில்லை. இப்போதும் இருவரும் சந்தித்தால், “என்னாலதான் ஒனக்குத் தட்டிப்போச்சு” என்று கண்ணைத் துடைப்பாள். அத்தை, “அதை விடுங்க மைனி” என்று வேறு பேச்சுக்குப் போய்விடுவாள். போன வாரமும் அப்படித்தான் நடந்தது. நான் எதிரே உட்கார்ந்திருந்தேன். சொல்லலாமா என்று வாய்வரை வந்தது. எழுந்து போய் ஜன்னலைச் சாத்திவிட்டு வந்தேன்.

எங்கள் நான்காம் வகுப்புக்குக் காலையில் முதல் பாடம் அத்தைதான். வந்ததும் கரும்பலகையின் வலது மூலையில் அன்றைய தேதியையும் கிழமையையும் எழுதிவிட்டுத்தான் மறுவேலை. அவர்கள் வந்ததற்கு முந்தின நாளும் எழுதினாள். பதினெட்டு, வெள்ளி. எழுதிய பிறகு, சாக்பீஸைக் கையில் வைத்துக்கொண்டு அதையே சிறிது நேரம் பார்த்துக்கொண்டு நின்றாள். எழுத்து நேராக வந்திருக்கிறதா என்று பார்க்கிறாள் என்று நினைத்து, நானும் அதைப்போலவே நேராக எழுதிக்கொண்டேன்.