வெல்டா கேட்காமல் விட்ட கட்டம்

அமெரிக்காவின் மேரிலாந்து மாநிலத்தில், கிரிஸ்ஃபீல்டு ஊரின் படகுத்துறைக்குப் போகும் தெருவில், ஒரு காலத்தில் முடிதிருத்தும் கடையாக இருந்த அறைதான் வெல்டா லாண்டனின் அலுவலகம். கடைக்காரர் போன பிறகு கண்ணாடிகளையும் அலமாரிகளையும் கழற்றி விற்றுவிட்டார்கள். தரையோடு திருகி வைத்திருந்த ஒரு நாற்காலியை மட்டும் யாராலும் பெயர்க்க முடியவில்லை. வரிப் படிவம் நிரப்ப வருகிறவர்கள் அதில்தான் உட்கார வேண்டும். உட்கார்ந்ததும் தலையைப் பின்னால் சாய்த்து, "காதுக்கு மேல கொஞ்சம் குறைச்சிடுங்க, மிஸ் வெல்டா" என்பார்கள். அந்த ஊர் நண்டுக்காரர்களுக்குத் தெரிந்த நகைச்சுவை அது ஒன்றுதான். வெல்டாவும் சளைக்காமல் சிரித்து வைப்பாள்.

அவள் பட்டணத்திலிருந்து வந்த படிப்பாளி அல்ல. பத்தொன்பது வயதில் நண்டு உரிக்கும் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்தவள். விரல் கிழிந்து சீழ் வைத்ததால் அங்கேயே அலுவலக மேசைக்கு மாற்றினார்கள். தபாலில் பாடம் படித்து வரிச் சட்டம் கற்றுக்கொண்டாள். ஊரில் இருந்த பல கூடங்களில் அந்த ஒன்றை இழுத்து மூடியபோது இந்த அறையை வாடகைக்குப் பிடித்தாள். கணவன் பள்ளிப் பேருந்து ஓட்டினான், பிறகு பேருந்தையும் அவளையும் விட்டுவிட்டு டெலவேர் மாநிலத்துப் பக்கம் போய்விட்டான். அதைப் பற்றி அவளிடம் யாரும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை.

ஊர் அவளை நம்பியதற்குக் காரணம் அவளுடைய வரி அறிவு அல்ல. எதைக் கேட்கக் கூடாது என்று அவளுக்குத் தெரியும். ஒருத்தருடைய மகன் ஏன் ஊரில் இல்லை, போன வருஷம் இருந்த இரண்டாவது படகு எங்கே, இதெல்லாம் படிவத்துக்குத் தேவைப்பட்டால் ஒழிய அவள் வாயிலிருந்து வராது. அதுதான் அவளுக்குப் பெருமை. கடைசியில் அவளைக் கவிழ்த்ததும் அதுவேதான்.

ஒரு வருஷம் மேரிலாந்து மாநில வரிப் படிவத்தில் புதிதாக ஒரு கேள்வி முளைத்தது. வீட்டில் மருத்துவக் காப்பீடு இல்லாதவர் யாராவது உண்டா? உண்டு என்றால் ஒரு கட்டத்தில் குறி. இந்தப் படிவத்தில் உள்ள விவரங்களைக் காப்பீட்டு அலுவலகத்துக்குக் கொடுக்கலாமா? சரி என்றால் அடுத்த கட்டத்திலும் குறி. அவ்வளவுதான். வருமானத்தைப் பார்த்து, உனக்கு இலவசக் காப்பீடு உண்டு அல்லது குறைந்த கட்டணத்தில் உண்டு, இத்தனை நாளுக்குள் வந்து சேர்ந்துகொள் என்று அவர்களே கடிதம் போடுவார்கள். நல்ல ஏற்பாடு என்றுதான் முதல் நாள் வெல்டாவுக்கும் பட்டது.

முதல் வாரம் எல்லோரிடமும் கேட்டாள். நான்காவதாக வந்தவர் ஹார்லன் டாஸ். கேள்வியைக் கேட்டதும் நாற்காலியிலிருந்து எழுந்தார்.

"ஏற்கெனவே மீன்வளத் துறைக்காரன் என் நண்ட எண்ணுறான், கூடைய எண்ணுறான், எத்தன மணிக்குக் கரைக்கு வரேன்னு எண்ணுறான். இப்ப வாயத் தெறந்து பல்லையும் எண்ணிக்காட்டணுமா?"

"இது அந்தத் துறை இல்ல ஹார்லன். இது வேற ஆபீஸ்."

"எல்லாம் ஒரே கட்டடந்தான், கதவுதான் வேற."

காகிதங்களை அள்ளிக்கொண்டு பக்கத்து ஊரான சாலிஸ்பரியில் வேறொரு ஆளிடம் போய்விட்டார். தன் இரண்டு மைத்துனர்களையும் கூட்டிப்போனார். வெல்டா இப்போது மாநிலத்துக்கு வேலை பார்க்கிறாள் என்று காப்பிக் கடையில் ஒரு பேச்சு. சின்ன ஊரில் அப்படி ஒரு பேச்சு கிளம்பினால் அது அடங்க ஒரு குளிர்காலம் பிடிக்கும். வெல்டா பயந்துவிட்டாள். அதற்குப் பிறகு கணினித் திரையில் அந்தக் கேள்வி வந்தால் யாரிடமும் கேட்காமல் அடுத்த பக்கத்துக்குத் தள்ளிவிடுவாள். பொய் எழுதவில்லை, இரண்டு கட்டத்தையும் காலியாக விட்டாள், அவ்வளவுதானே. அவர்கள் எப்படியும் வேண்டாம் என்றுதான் சொல்லப்போகிறார்கள், அதை அவர்களுக்காக நானே சொல்லிவிடுகிறேன் என்று மனசைச் சமாதானப்படுத்திக்கொண்டாள். இரண்டாம் வருஷம் அந்தச் சமாதானமும் தேவைப்படவில்லை. விரல் தானாகவே தள்ளியது.

ஆரின் டைஸ் ஒரு மார்ச் மாதம் வந்து அந்த நாற்காலியில் உட்கார்ந்தபோதும் விரல் தானாகத்தான் தள்ளியது.

ஆரினுக்கு அப்போது ஐம்பத்தேழு வயது. கோடையில் நண்டு, குளிரில் சிப்பி. வழக்கமாக மனைவி ரோவீனாவும் கூட வருவாள், பக்கத்தில் முக்காலியைப் போட்டுக்கொண்டு உட்காருவாள். அந்தத் தடவை நண்டு உரிக்கும் வேலை சீக்கிரமே தொடங்கிவிட்டதால் அவள் வரவில்லை, கையெழுத்து மட்டும் பிறகு வந்து போட்டாள். ஆரின் பேசிய குரல் தேய்ந்துபோன பிரேக் மாதிரி கரகரத்தது.

"தொண்டைக்கு என்ன?" என்று வெல்டா கேட்டாள்.

"டிசம்பர்லேர்ந்து இப்படித்தான். சிப்பி அள்ளப் போறப்ப மூஞ்சில அடிச்ச காத்து."

"மூணு மாசமாவா காத்து அடிக்குது? டாக்டர்ட்ட காட்ட வேண்டியதுதான."

"இன்சூரன்ஸ் இல்லாம அங்க உள்ள போனா, வெளிய வரும்போது படகு என்னுதா இருக்காது மிஸ் வெல்டா. நண்டு சீசன் முடியட்டும், பாக்கலாம்."

இருவரும் சிரித்தார்கள். காப்பீடு இல்லை என்று அவன் தன் வாயாலேயே சொன்னான். அந்தக் கேள்வி திரையில் வந்து நின்றதும் ஏறக்குறைய அதே நிமிஷந்தான். வெல்டா சிரித்துக்கொண்டே அடுத்த பக்கத்துக்குப் போனாள்.

நண்டு சீசன் முடிந்தது. சிப்பி சீசன் தொடங்கியது. ஜனவரியில் ஒருநாள் படகில் இருமி, கையைப் பார்த்தால் ரத்தம். ரோவீனா அவனை வண்டியில் தூக்கிப் போட்டுக்கொண்டு சாலிஸ்பரி ஆஸ்பத்திரிக்குப் போனாள். தொண்டையில் புற்று, கழுத்துக்கும் இறங்கிவிட்டது. போன வருஷமே வந்திருந்தால் பேச்சே வேறு என்றார் டாக்டர். அங்கே காப்பீட்டுக்கு உதவி செய்ய ஒரு பெண் இருந்தாள். மதியத்துக்குள் புருஷன் பெண்டாட்டி இருவருக்கும் இலவசக் காப்பீடு வாங்கிக் கொடுத்துவிட்டு, உங்கள் வருமானத்துக்கு இது எப்போதோ கிடைத்திருக்குமே, மாநில வரிப் படிவத்திலேயே கட்டம் இருக்கிறதே, யாரும் கேட்கவில்லையா என்றாள்.

பிப்ரவரியில் ரோவீனா போன வருஷத்துப் படிவத்தின் நகலோடு வெல்டாவின் அறைக்குள் நுழைந்தாள். பின்னால் கழுத்தில் துணி சுற்றிக்கொண்டு ஆரின். நாற்காலியில் உட்கார்ந்தான், தலையைச் சாய்க்கவில்லை.

"மிஸ் வெல்டா, இந்த ரெண்டு கட்டமும் ஏன் காலியா கெடக்கு?" ரோவீனாவின் குரலில் கோபம்கூட இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

வெல்டா காகிதத்தைக் கையில் வாங்கினாள். படிப்பது போலப் பார்த்தாள். நான் கேட்கவில்லை. இரண்டே சொல். அதைச் சொல்ல வாயைத் திறந்தாள்.

"அவங்க கேட்டாங்க ரோ," என்றான் ஆரின். சொல்வதற்குள் மூச்சு வாங்கியது. "நாந்தான் வேணாம்னேன்."

ரோவீனா அவன் பக்கம் திரும்பினாள். "வேணாம்னியா? எதுக்கு வேணாம்ன? மாநிலத்துக்குத் தெரிஞ்சிட்டா உன் கிரீடம் கழண்டு விழுந்துடுமா? என்ன மனுஷன்யா நீ? ஒரு வருஷத்த தூக்கித் தண்ணில போட்டியே, கல்லக் கட்டிப் போடுற மாதிரி போட்டியே."

ஆரின் குனிந்து தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தான். வெல்டா திறந்த வாயை மூடினாள். பிறகு, புது வருஷத்துப் படிவத்தை எடுத்து வைத்துக்கொண்டு, இந்த வருஷம் வீட்டு விலாசம் அதேதானே என்று கேட்டாள்.

அன்று தொடங்கிய திட்டு நிற்கவில்லை. ரோவீனா வீட்டில் திட்டினாள், ஆஸ்பத்திரி வாசலில் திட்டினாள், உரிக்கும் கூடத்தில் நண்டு ஓட்டைப் பிளந்துகொண்டே பக்கத்துப் பெண்களிடம் சொல்லிச் சொல்லித் திட்டினாள். எல்லோரும் தலையாட்டினார்கள். நம் ஆம்பளைகள் அப்படித்தானே என்றார்கள். ஊர் ஒரு வினாடிகூடச் சந்தேகப்படவில்லை. காப்பிக் கடையில் வெல்டாவின் காதிலும் அது விழுந்தது. அவள் காப்பியைக் கலக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். வெட்கமாக இருந்தது. வெட்கத்தைவிட, தப்பித்தோமே என்ற நிம்மதி ஒரு துளி இருந்தது. பிற்பாடு அவளால் பொறுக்க முடியாமல் போனது அந்தத் துளியைத்தான்.

ஜூலையில், ரோவீனா வேலைக்குப் போயிருந்த ஒரு காலை, வெல்டா முட்டைக் கஸ்டர்டு செய்து எடுத்துக்கொண்டு ஆரினைப் பார்க்கப் போனாள். அதற்குள் அவனுக்குக் குரல் அடியோடு போய்விட்டது. ஜன்னலோரம் உட்கார்ந்து, ஒரு நோட்டில் எழுதிக் காட்டினான். கஸ்டர்டைத் தொடவில்லை.

"ஏன் அப்படிச் சொன்ன, ஆரின்?"

எழுதினான். 'நீங்க இந்த ஊர்ல குடியிருக்கணும்ல.'

"ரோவீனாகிட்ட நான் சொல்லிடறேன். அவ வாய்ல தெனமும் நீ விழுந்துட்டிருக்க. எனக்குத் தாங்கல."

அவன் தலையை ஆட்டி மறுத்தான். 'திட்டட்டும். திட்டாட்டி அழுவா.' பிறகு இன்னொரு வரி எழுதினான். 'கேட்டிருந்தாலும் வேணாம்னுதான் சொல்லிருப்பேன்.'

வெல்டா அந்த வரியை இரண்டு தடவை படித்தாள். அதைப் பிடித்துக்கொண்டு கரையேறிவிடலாம் என்று தோன்றியது. "நிஜமாவா?" என்றாள்.

ஆரின் பென்சில் முனையைத் தாளில் ஊன்றினான்.  அப்புறம் எழுதாமலே பென்சிலைக் கீழே வைத்துவிட்டு, ஜன்னல் வழியாகத் தன் படகு கட்டியிருந்த பக்கம் பார்த்தான். வெல்டா கஸ்டர்டைக் குளிர்பெட்டியில் வைத்துவிட்டு வெளியே வந்தாள்.

செப்டம்பரில் ஆரின் போய்விட்டான். மெதடிஸ்ட் தேவாலயத்தில் அடக்க ஆராதனை, பின்னால் இருந்த கூடத்தில் சாப்பாடு. ரோவீனா வெல்டாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். "கடைசி வரைக்கும் நான் அவர மன்னிக்கல மிஸ் வெல்டா. மன்னிக்கணும் மன்னிக்கணும்னு நெனச்சிட்டே இருந்தேன். அதுக்குள்ள போயிட்டார்."

அப்போதாவது சொல்லியிருக்கலாம். சொல்ல வேண்டிய இடம் அதுதான். வெல்டா ஒரு தட்டில் ஹாம் ரொட்டியும் உருளைக்கிழங்கு சாலடும் வைத்து, "சாப்பிடு, காலைலேர்ந்து ஒண்ணும் சாப்பிட்டிருக்க மாட்ட" என்று நீட்டினாள். கோழைத்தனத்துக்கு அவள் வைத்த பெயர் அனுசரணை. அன்று வீட்டுக்குப் போய்த் தன்னைத் தானே காறித் துப்பாத குறையாகத் திட்டிக்கொண்டாள்.

அடுத்த பிப்ரவரியில் வரி சீசன் தொடங்கியபோது, இனி வருகிற ஒவ்வொருவரிடமும் அந்தக் கேள்வியைக் கேட்பது என்று முடிவு செய்திருந்தாள். எழுந்து போகிறவர் போகட்டும். முதல் நாள், முதல் ஆளாக வந்தது ரோவீனா.

பிஸ்கட் தகர டப்பாவில் காகிதங்களைப் போட்டுக்கொண்டு வந்திருந்தாள். எப்போதும் முக்காலியில் உட்காருகிறவள், அன்று நாற்காலியில் உட்கார்ந்தாள். பெயர், விலாசம், இறந்த தேதி எல்லாம் ஆயிற்று. அந்தக் கேள்வி திரையில் வந்தது.

இவளிடம் அதைக் கேட்டால் எல்லாம் வெளியே வந்துவிடும் என்று வெல்டாவுக்குத் தெரிந்தது. ஆஸ்பத்திரியில் வாங்கிய காப்பீடுதான் இருக்குமே, இவளுக்குக் கேட்காமல் விட்டால்தான் என்ன என்று உள்ளே ஒரு குரல் கெஞ்சியது. விரல் பொத்தானின் மேல் போய் நின்றது. வெல்டா அந்தக் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"ரோவீனா, உனக்கு இப்ப மெடிக்கல் இன்சூரன்ஸ் இருக்கா?"

"இல்ல. போயிடுச்சு. புதுப்பிக்கச் சொல்லி ஏதோ கடிதம் வந்துச்சாம். அவர் போனதுலேர்ந்து நான் எந்தக் கடிதத்தையும் பிரிக்கல."

"அப்ப இந்த விவரத்த எல்லாம் இன்சூரன்ஸ் ஆபீசுக்கு அனுப்பலாமா? நீ சரின்னு சொன்னா போதும். அவங்க ஒரு கடிதம் போடுவாங்க. அத மட்டும் தயவுசெஞ்சு பிரிச்சுப் பாரு. இல்லன்னா இங்க எடுத்துட்டு வா, நான் பிரிக்கிறேன்."

 ரோவீனா திரையைப் பார்த்தாள், வெல்டாவைப் பார்த்தாள்.

"இந்தக் கேள்வியா அது?"

"ஆமா."

"அவர் தனியா வந்ததுக்கு முந்தின வருஷம் நானும் கூட வந்திருந்தேன். இதோ, இந்த முக்காலிலதான் உக்காந்திருந்தேன். அதுக்கு முந்தின வருஷமும் வந்தேன். ஒரு தடவகூட நீங்க இதக் கேக்கலையே."

"கேக்கல."

"அவர் தனியா வந்தப்ப மட்டும் கேட்டீங்களா?"

"இல்ல," என்றாள் வெல்டா. "அவன்கிட்டயும் கேக்கல. யார்கிட்டயும் கேக்கல. அன்னிக்கு அவன் எனக்காகப் பொய் சொன்னான். நான் சொல்ல விட்டுட்டேன்."

 ரோவீனா கையை நீட்டித் திரையைக் காட்டி, "சரின்னு போடுங்க" என்றாள். இரண்டு கட்டத்திலும் குறி விழும்வரை கண் எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள். கையெழுத்துப் போட்டாள். காகிதங்களை ஒவ்வொன்றாக டப்பாவுக்குள் வைத்து மூடியை அழுத்தினாள். எழுந்திருக்கத்தான் முடியவில்லை.

"எட்டு மாசம் திட்டுனேன்," என்றாள், யாரிடமோ சொல்வது போல. "ஒரு தடவகூட அவர் எதுத்துப் பேசல. தொண்ட வலின்னு நெனச்சுட்டேன்."